பீச் காப்ளர்: ஒரு பழப்பண்டமும் அதன் அடுப்புகளும்

பீச் காப்ளர் என்பது பழுத்த பீச் பழத் துண்டுகளின் மேல் மாவை இட்டு, மேலும் கீழும் சூடு கொடுத்துச் சுட்டெடுக்கும் இனிப்புப் பண்டம். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் இது வீட்டுப் பண்டமாக வேரூன்றியது. நம்மூர்ப் பணியாரம் போலவே இதற்கும் நூறு கைப்பக்குவம் உண்டு. சிலர் மாவை அடியிலும் இடுவர், சிலர் மேலே மட்டும். சிலர் கரண்டியால் மாவை அங்கங்கே அள்ளி வைப்பர், சிலர் கரைத்து ஊற்றுவர். பழம் அடியில் குழம்பாகக் கொதிக்க வேண்டும், மேல்மாவு பொன்னிறமாக முறுக வேண்டும். இந்த இரண்டில் மட்டும் கருத்து வேறுபாடு இல்லை.

தமிழகத்தில் இதன் வரலாறு பெரும்பாலும் மலைகளைச் சேர்ந்தது. பழம் நீலகிரியிலும் கொடைக்கானலிலும் விளைந்தது. அதைச் சுடும் முறையோ தமிழகத்தின் எல்லாப் பகுதிகளுக்கும் வேறு பெயர்களில் முன்பே அறிமுகமானது. இவ்வரலாற்றில் மிகக் குறைவாக எழுதப்பட்டவர்கள் அடுப்பின் முன் நின்றவர்களே.

பெயர்

ஆங்கில அகராதியில் 'காப்ளர்' என்ற சொல்லைத் தேடும் மாணவருக்குச் 'செருப்புத் தைப்பவர்' என்ற பொருளே முதலில் கிடைக்கும். பண்டத்துக்கும் அந்தத் தொழிலுக்கும் நேரடித் தொடர்பு இல்லை. மேலே அள்ளி வைத்த மாவு உருண்டைகள் வெந்தபின் கல் பாவிய பழைய தெருவைப் போலத் தோன்றுவதால் இப்பெயர் வந்தது என்பது பரவலாகச் சொல்லப்படும் விளக்கம்.

எழுத்துச் சான்றுகள் 19-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. லெட்டிஸ் பிரையன் 1839-இல் வெளியிட்ட 'தி கென்டக்கி ஹவுஸ்வைஃப்' என்ற சமையல் நூலில், பானையில் சுடும் பீச் பண்டம் ஒன்றுக்கு இப்பெயரும் வழங்குவதாகக் குறிப்பு உள்ளது. ஜான் ரசல் பார்ட்லெட் தொகுத்த அமெரிக்க வழக்குச் சொல் அகராதியின் 1859-ஆம் ஆண்டுப் பதிப்பு இதைத் தனிச் சொல்லாகவே பதிவு செய்தது. தடித்த மாவைப் பானையின் உட்புறம் அப்பி, அதில் பழத்தை இட்டுச் சுடுவது என்று அது விளக்குகிறது. அதாவது அன்றைய காப்ளரில் மாவு அடியிலும் பக்கங்களிலும் இருந்தது. மேலே மட்டும் மாவிடும் இன்றைய வழக்கம், வீடுகளில் தட்டையான தட்டும் கதவு வைத்த இரும்பு அடுப்பும் வந்தபின் பெருகியது.

பழத்தின் பெயரிலும் ஒரு பிழை ஒளிந்திருக்கிறது. தாவரவியல் பெயரான புரூணஸ் பெர்சிக்கா என்பதன் பொருள் 'பாரசீகத்துப் பழம்'. ஐரோப்பியர் அதைப் பாரசீக வழியாகப் பெற்றதால் அப்படி அழைத்தனர். உண்மையில் பீச் சீனத்தைச் சேர்ந்தது. சீனத்தின் கிழக்குக் கரையில் உள்ள செஜியாங் பகுதி அகழாய்வுகளில் சுமார் 8,000 ஆண்டுப் பழமையான பீச் கொட்டைகள் கிடைத்துள்ளன. இந்தியில் இப்பழத்தை 'ஆடூ' என்பர். தமிழர் காதில் இது வேறு பொருளில் விழுவதால், வடநாட்டுச் சந்தைகளில் சிரிப்புக்கு இடமாவதுண்டு. தமிழில் 'குழிப்பேரி' என்ற ஆக்கச்சொல் கலைக்களஞ்சியக் கட்டுரைகளில் வழங்குகிறது. சந்தையில் 'பீச்' என்பதே நிலைத்துவிட்டது.

சீனத்திலிருந்து இரு திசைகளில்

இந்தியாவுக்குப் பீச் வந்தது பற்றி யுவான் சுவாங் சுவையான செய்தி ஒன்றைத் தந்துள்ளார். 7-ஆம் நூற்றாண்டில் பஞ்சாப் பகுதியில் பயணம் செய்தபோது, சீனபுக்தி என்ற இடத்தைப் பற்றி அவர் எழுதினார். கனிஷ்கரின் காலத்தில் பிணையாக அனுப்பப்பட்ட சீனர்கள் அங்கே தங்கினர் என்றும், அதற்கு முன் அந்நாட்டில் இல்லாத பேரியையும் பீச்சையும் அவர்களே நட்டனர் என்றும் அங்கு கேட்டறிந்தார். அதனால் பீச்சுக்குச் 'சீனானி' என்றும் பேரிக்குச் 'சீனராஜபுத்ர' என்றும் பெயர் வழங்கியதாம். இதே யுவான் சுவாங் பின்னர், நரசிம்மவர்மப் பல்லவர் காலத்தில், காஞ்சிபுரத்துக்கும் வந்தார். காஞ்சியின் வெப்பத்தில் பீச் மரம் வளர்ந்தாலும் காய்க்காது. அதன் காரணம் பின்னர் வரும்.

மேற்கே சென்ற பீச், பாரசீகம், ரோம், ஸ்பெயின் எனப் பயணித்து 16-ஆம் நூற்றாண்டில் ஸ்பானியருடன் அமெரிக்கா சேர்ந்தது. அங்கே அதைப் பரப்பியவர்கள் ஸ்பானியரைவிட அமெரிக்கப் பழங்குடியினரே. கொட்டையைப் புதைத்தால் முளைத்து மூன்று நான்கு ஆண்டுகளில் காய்க்கும் மரம் என்பதால், ஊருக்கு ஊர் தோப்புகள் எழுந்தன. பின்னால் வந்த ஆங்கிலக் குடியேறிகள் பலர் அதை அமெரிக்காவுக்கே உரிய மரம் என்று எண்ணும் அளவுக்கு அது மண்ணோடு கலந்திருந்தது. 1850-இல் சீனத்திலிருந்து இங்கிலாந்து வழியாக 'சைனீஸ் கிளிங்' என்ற வகை வந்தது. அதன் வித்திலிருந்து ஜார்ஜியா மாநிலத்தின் மார்ஷல்வில்லில் சாமுவேல் ரம்ஃப் 1870-களில் 'எல்பர்ட்டா' என்ற வகையை உருவாக்கினார். மனைவி பெயரையே அதற்குச் சூட்டினார். தொலைவூர்களுக்கு ரயிலில் அனுப்பினாலும் கெடாத அப்பழம் ஜார்ஜியாவைப் பீச் மாநிலமாக்கியது.

மேலும் கீழும் நெருப்பு

காப்ளரைப் புரிந்துகொள்ள அதன் பானையைப் பார்க்க வேண்டும். பழைய காப்ளர் சுடப்பட்டது 'டச்சு ஓவன்' எனப்பட்ட வார்ப்பிரும்புப் பானையில். மூன்று குட்டைக் கால்கள், கனத்த மூடி, மூடியைச் சுற்றி ஒரு விளிம்பு. பானையின் அடியில் தணல் பரப்பி, மூடியின் மேலும் தணலை அள்ளி வைப்பார்கள். விளிம்பு இருப்பதால் தணல் வழிந்து விழாது. வண்டிகளில் மேற்கே இடம்பெயர்ந்த குடும்பங்களுக்குச் சுவர் வைத்த அடுப்பு ஏது? இந்தப் பானையே அவர்களுக்கு அடுமனை.

இதில் 'டச்சு' என்ற சொல் வந்த வழியும் கவனிக்கத்தக்கது. மணல் அச்சில் உலோகம் வார்க்கும் நெதர்லாந்து முறையைக் கற்ற ஆங்கிலேயரான ஆபிரகாம் டார்பி, இரும்புப் பானைகளை அவ்வாறு வார்க்க 1707-இல் காப்புரிமை பெற்றார். அதனோடு இணைத்தே பெயர்க்காரணம் சொல்லப்படுகிறது. திருவள்ளூர் மாவட்டத்தின் பழவேற்காட்டில் 1613-இல் ஜெல்ட்ரியா கோட்டையை எழுப்பிய டச்சுக்காரர்களுக்கும் இப்பானைக்கும் பெயரளவைத் தவிர உறவு இல்லை. ஆனால் போர்த்துக்கீசியரும் டச்சுக்காரரும் இருந்த கரைகளில் அடுமனைச் சொற்கள் மட்டும் தங்கிவிட்டன. இலங்கைத் தமிழர் ரொட்டியைப் 'பாண்' என்றும் அது வேகும் அடுப்பைப் 'போறணை' என்றும் சொல்கிறார்கள். இரண்டும் போர்த்துக்கீசியம் தந்தவை. தமிழகத்தில் சமையலறைக்கு வழங்கிய 'குசினி' என்ற சொல்லும் அதே மூலத்தது.

தமிழகச் சமையலில் நெருப்பு பெரும்பாலும் கீழிருந்தே வருகிறது. பெரியபாளையம் பவானியம்மன் கோயிலில் ஆடி மாதம் தொடங்கிப் பல வாரங்கள் குடும்பம் குடும்பமாக வந்து கல் கூட்டிப் பொங்கலிடுவதைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். அடியில் எரிகிறது, பானையில் நீர் கொதிக்கிறது, நீரின் வழியாக அரிசி வேகிறது. மேலிருந்து சூடு தேவையில்லை. இட்லியும் புட்டும் ஆவியில் வேகின்றன. தோசைக்குத் திருப்பிப் போடும் வசதி உண்டு. திருப்பவும் முடியாத, நீரும் இல்லாத மாவுக்குத்தான் மேல்நெருப்பு வேண்டும்.

அந்த மேல்நெருப்பையும் தமிழகம் அறிந்தே இருந்தது. 'தம் போடுதல்' என்று பிரியாணிக்காரர்கள் சொல்வது இதுதான். முக்கால் பதம் வெந்த அரிசியை இறைச்சியோடு சேர்த்து, மூடியைத் துணியாலோ மாவாலோ இறுக்கி, அடியில் தணலைக் குறைத்து மூடியின் மேல் தணலைப் பரப்புவார்கள். டச்சு ஓவனில் காப்ளர் சுடும் பெண்ணும் ஆம்பூர்ப் பிரியாணி மாஸ்டரும் ஒருவர் பேச்சு மற்றவருக்குப் புரியாவிட்டாலும் ஒருவர் கைவேலையை மற்றவர் உடனே புரிந்துகொண்டிருப்பார்கள்.

மலையேறிய மரம்

பீச் மரத்துக்கு ஓர் உறக்கம் தேவை. குளிர்காலத்தில் சுமார் 7 டிகிரி செல்சியசுக்குக் கீழே பல நூறு மணி நேரம் கழிந்தால்தான் அதன் பூமொட்டுகள் சரியாக விழிக்கும். குளிர் போதாவிட்டால் இலை வரும், பூ சிதறலாக வரும், காய் நிற்காது. பெரியபாளையத்திலோ கும்மிடிப்பூண்டியிலோ மார்கழி விடியலில்கூட அவ்வளவு குளிர் இல்லை. தமிழகத்தில் அதற்குப் பொருத்தமான இடங்கள் உயர்ந்த மலைகளே.

கோயம்புத்தூர் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் 1819-இல் நீலகிரிக்கு ஏறினார். 1822-இல் உதகையில் கல்வீடு கட்டத் தொடங்கினார். அவர் காலம் தொடங்கி ஆப்பிள், பீச், ஸ்ட்ராபெரி முதலிய குளிர்நாட்டுப் பயிர்கள் அங்கு நடப்பட்டன. இந்தத் தோட்டங்கள் எழுந்த நிலம் வெற்று நிலம் அல்ல. தோடர்களின் மேய்ச்சல் புல்வெளியும் படகர்களின் வயலும் அங்கே இருந்தன. குன்னூரில் சிம்ஸ் பூங்கா 1874-இல் தொடங்கியது. அவ்வூரின் பழவியல் நிலையம் 1920-இல் அமைந்தது. பீச், பிளம்ஸ், பேரி வகைகள் அங்கே வளர்க்கப்பட்டன. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரை 1899-இலும் உதகை வரை 1908-இலும் மலை ரயில் ஓடத் தொடங்கியது. மெல்லிய தோலுடைய பழம் சமவெளிக்கு வர ரயில் பேருதவி. இருந்தும் பீச் அதிகம் இறங்கிவரவில்லை. மலைப் பீச் சிறியது, கெட்டியானது, புளிப்பு தூக்கலானது. கடித்துத் தின்ன விரும்புவோருக்கு அது ஏமாற்றம். சர்க்கரை சேர்த்து வேகவைப்போருக்கு அதுவே நல்லது. ஜாமுக்கும் காப்ளருக்கும் புளிப்பும் கெட்டித்தன்மையும் உள்ள பழம்தான் உருக்குலையாமல் நிற்கும்.

அமெரிக்கக் குடும்பங்களும் பீச் மரமும் ஒரே ஊரில் சேர்ந்த இடம் கொடைக்கானல். 1834-இல் மதுரையில் பணி தொடங்கிய அமெரிக்க மிஷன், சமவெளி நோய்களில் பலரை இழந்தது. 1845-இல் கொடைக்கானலில் 'சன்னிசைடு', 'ஷெல்டன்' என இரு வீடுகளைக் கட்டியது. இந்தியாவின் பெரும்பாலான மலை வாழிடங்களைத் தொடங்கியவர்கள் ஆங்கிலேயர்கள். கொடைக்கானலின் தொடக்கத்தில் அமெரிக்கர்கள் இருப்பது அதன் தனித்தன்மை. மிஷனரிக் குழந்தைகளுக்காக 1901-இல் அங்கு பள்ளி தொடங்கியபோது, மகனைப் பார்க்க வந்த மார்கரெட் எடி முதல் தலைமையாசிரியரானார். அதுவே இன்றைய கொடைக்கானல் சர்வதேசப் பள்ளி.

பெயரில்லாத கைகள்

மலை பங்களாக்களின் சமையலறையில் நின்றவர்கள் பெரும்பாலும் தமிழர்கள். மாவு பிசைந்தவர்கள், பழம் தோலுரித்தவர்கள், தணலை அள்ளி மூடியில் வைத்தவர்கள் அவர்கள். ஆனால் சமையல் நூல்களின் அட்டையில் இருப்பவை துரைகள், துரைசானிகள் பெயர்கள்.

இதற்குச் சிறந்த சான்று சென்னையிலேயே எழுதப்பட்டது. ராணுவ அதிகாரியான ஆர்தர் ராபர்ட் கென்னி-ஹெர்பர்ட், 'வைவர்ன்' என்ற புனைபெயரில் 1878-இல் 'கலினரி ஜாட்டிங்ஸ் ஃபார் மெட்ராஸ்' என்ற நூலை வெளியிட்டார். இனிப்புப் பண்டங்களுக்கென்றே தனி நூலையும் 1881-இல் எழுதினார். சென்னை ஹிக்கின்பாதம்ஸ் நிறுவனமே பதிப்பித்தது. நுட்பமான சமையல் அறிவு கொண்டவர் அவர். பங்களாக்களின் இருண்ட, புகை சூழ்ந்த, கருவிகள் போதாத சமையலறைகளைக் காட்டி, சமையல்காரரைக் குறைகூறும் எசமானர்களையே கண்டித்தவர். அவ்வளவு நியாயம் பேசியவரும் தம் நூலில் சமையல்காரர் எல்லோரையும் 'ராமசாமி' என்ற ஒரே பெயரால்தான் குறிக்கிறார். தனி ஒருவரின் பெயராக அல்ல, ஒரு வேலையின் பெயராக. அன்று உயிரோடு இருந்து, அந்நூலின் குறிப்புகளை அடுப்பில் செய்து காட்டிய மனிதருக்கு வேறு பெயர் இருந்திருக்கும் அல்லவா?

அமெரிக்காவில் நடந்ததும் இதுவே. தென்மாநிலப் பண்ணை வீடுகளில் சமைத்தவர்கள் அடிமைப்படுத்தப்பட்ட ஆப்பிரிக்க வம்சாவளிப் பெண்கள். 'தென்னகச் சமையல்' என்று பெயர்பெற்றதில் பெரும்பகுதி அவர்கள் கைப்பக்குவம். 1866-இல் மிச்சிகனில் அச்சான மலிண்டா ரசலின் சிறு நூல், கறுப்பினப் பெண் ஒருவர் எழுதியதாக அறியப்படும் முதல் அமெரிக்கச் சமையல் நூல். அது நெடுங்காலம் மறக்கப்பட்டுக் கிடந்தது. 1881-இல் சான் பிரான்சிஸ்கோவில் நூல் வெளியிட்ட அபி ஃபிஷர் அடிமையாகப் பிறந்தவர், எழுதப் படிக்கத் தெரியாதவர். தம் குறிப்புகளை வாய்மொழியாகச் சொல்லிப் பிறரை எழுதச் செய்தார். வைவர்னின் இனிப்பு நூல் வந்ததும் அதே 1881-இல்தான். ஒரே ஆண்டில் ஒரு கரையில் சமையல்காரி தம் பெயரோடு அட்டையில் வந்தார். மறுகரையில் சமையல்காரர் 'ராமசாமி'யாகவே நின்றார்.

சென்னை மாகாணத்தில் விதிவிலக்கு ஒன்று உண்டு. அன்று மாகாணத்தின் மலபார் மாவட்டத்தில் இருந்த தலச்சேரியில் 1880-இல் 'ராயல் பிஸ்கட் ஃபேக்டரி'யைத் தொடங்கியவர் மாம்பள்ளி பாப்பு. 1883-இல் அஞ்சரக்கண்டி தோட்ட உரிமையாளர் மர்டாக் பிரவுன், இங்கிலாந்திலிருந்து கொண்டுவந்த கேக்கைத் தந்து அதேபோல் ஒன்று செய்யச் சொன்னார். பாப்பு அச்சை உள்ளூர்க் கொல்லரிடம் செய்து வாங்கினார். பிராந்திக்குப் பதிலாக முந்திரிப் பழமும் கதலி வாழைப்பழமும் சேர்த்து வடித்த உள்ளூர்ச் சரக்கைச் சேர்த்தார் என்பது அக்குடும்பத்தின் வழிவழிச் செய்தி. அவர் பெயர் நிலைத்ததற்குக் காரணம், அவர் பிறர் சமையலறையில் அன்றிச் சொந்தக் கடையில் நின்றதே.

சமவெளி வீடுகளில்

கேக், காப்ளர் போன்றவை தமிழக வீடுகளுக்குள் வர மூன்று தடைகள் இருந்தன: அடுப்பு, மாவை உப்பச் செய்யும் பொருள், பழம். இரண்டாவது எளிதில் தீர்ந்தது. முன்பு ரொட்டி மாவைப் புளிக்க வைக்கக் கள் பயன்பட்டது. ஆப்பசோடாவும் பேக்கிங் பவுடரும் வந்தபின் அந்தத் தேவை போயிற்று. அடுப்புக்கு மக்கள் தாமே வழி கண்டனர். கிறிஸ்துமசுக்கு முன் மாவைக் கலந்து தட்டோடு அடுமனைக்குக் கொண்டுபோய்ச் சுட்டு வாங்குவது ஒரு வழி. கனமான அலுமினியப் பாத்திரத்தில் மணல் பரப்பி, அதன்மேல் தட்டை வைத்து, மூடியில் தணல் இடுவது இன்னொன்று. 1959-இல் இந்தியாவில் பிரஷர் குக்கர் உற்பத்தி தொடங்கிப் பின் வீட்டுக்கு வீடு பரவியபோது, அதிலேயே உப்பையோ மணலையோ பரப்பி, வெயிட்டையும் ரப்பர் வளையத்தையும் கழற்றிவிட்டுக் கேக் சுடக் கற்றுக்கொண்டார்கள். எந்தத் தயாரிப்பாளரும் சொல்லித் தராத இந்த முறை அண்டை வீட்டாரிடமிருந்தே பரவியது. ஆனால் குக்கரில் மேல்நெருப்பு இல்லை. அதனால் கேக் வேகும், காப்ளரின் மேல்மாவு சிவக்காது. வெந்தபின் கடைசியில் மேல்மாவின் மீது வெண்ணெயும் சர்க்கரையும் தூவி, பழுக்கக் காய்ச்சிய இரும்புத் தோசைக்கல்லைப் பாத்திரத்தின் வாயில் சில நிமிடம் கவிழ்த்து வைத்தால் இக்குறை ஓரளவு நீங்கும்.

பழத்துக்கு வந்தால், 2001 ஏப்ரலில் இறக்குமதி அளவுக் கட்டுப்பாடுகள் விலக்கப்பட்டபின் டின்னில் அடைத்த பீச் நகரக் கடைகளில் எளிதாகக் கிடைக்கத் தொடங்கியது. அது சர்க்கரைப் பாகில் ஊறியது, புளிப்பற்றது. அதைவிட மலைப் பழம் மேல். ஊத்துக்கோட்டை, பெரியபாளையம் பக்கத்தில் கோடையில் கிடைக்கும் மாம்பழம் அதைவிட மலிவானது, காப்ளருக்கு நன்றாகவே பொருந்தும். முக்கால் பழுத்த, சற்றே புளிப்பு நிற்கும் பழமாக எடுக்க வேண்டும். நன்கு கனிந்த பங்கனப்பள்ளி சூட்டில் கூழாகிவிடும்.

செய்முறை

ஆறு பேருக்கு ஒரு கிலோ பீச் போதும். பழத்தைக் கொதிநீரில் அரை நிமிடம் இட்டு எடுத்துக் குளிர்நீரில் போட்டால் தோல் கையோடு கழன்று வரும். மலைப் பழம் காயாக இருந்தால் கத்தி வேண்டும். துண்டுகளாக்கி 150 கிராம் சர்க்கரை, அரை எலுமிச்சையின் சாறு, ஒரு மேசைக்கரண்டி சோளமாவு சேர்த்துப் பிசிறி, கால் மணி நேரம் வைத்தால் சாறு விடும். 150 கிராம் மைதா, ஒன்றரைத் தேக்கரண்டி பேக்கிங் பவுடர், ஒரு சிட்டிகை உப்பு, இரண்டு மேசைக்கரண்டி சர்க்கரை கலந்து, 75 கிராம் குளிர்ந்த வெண்ணெயை விரல் நுனியால் உதிர்த்துப் பிசற வேண்டும். பிறகு 120 மில்லி பால் ஊற்றிக் கிளறினால் போதும். அழுத்திப் பிசைந்தால் மாவு இறுகி ரப்பராகிவிடும். சப்பாத்தி பழகிய கைக்கு இந்தக் கட்டுப்பாடுதான் கடினம்.

பழத்தை மட்டும் முதலில் 190 டிகிரி சூட்டில் பத்து நிமிடம் வைத்துச் சூடேற்றிக்கொள்வது நல்லது. குளிர்ந்த பழத்தின் மேல் மாவை இட்டால் மாவின் அடிப்பக்கம் வேகாமல் களியாக நிற்கும். சூடேறிய பழத்தின் மேல் மாவைக் கரண்டி கரண்டியாக இடைவெளி விட்டு வைத்து, மேலும் 35 முதல் 40 நிமிடம் சுட வேண்டும். இடைவெளிகளில் சாறு கெட்டியாகக் கொப்பளித்து, மாவு பொன்னிறமானால் பதம். எடுத்தவுடன் பரிமாறினால் சாறு தட்டில் ஓடும். அரை மணி நேரம் ஆறவிட்டால் சோளமாவு இறுகி, கரண்டியில் அள்ளும் பதத்துக்கு வந்துவிடும்.